கம்பி அறுந்து ரோட்டுல கிடக்குது, சப்ஸ்டேஷன்ல ட்ரிப் ஆகலைங்க, ஏன்?

#1 தோட்டத்துக்காரன்

வணக்கம்ங்க. நான் எலக்ட்ரிக்கல் ஆளு இல்ல, பொள்ளாச்சி பக்கம் தென்னந்தோப்பு. போன வாரம் எங்க தோட்டத்துக்குப் போற தடத்துல 11 கேவி கம்பி ஒண்ணு அறுந்து விழுந்துருச்சு. பாதி தார் ரோட்டு மேல, பாதி ஓரத்து மண்ணுல. பக்கத்துத் தோட்டத்துக்காரர் மாடு அந்தப் பக்கமா போய் அங்கயே சாஞ்சிருச்சு. மாட்டப் புடிச்சிட்டு வந்த பையன் பத்தடி பின்னாடி வந்ததால தப்பிச்சான்.

நான் கேக்கறது இதுதான். எங்க வீட்ல மிக்ஸில லேசா ஷாக் அடிச்சாலே மெயின் போர்டு டப்புனு விழுந்துருது. அத்தாம் பெரிய சப்ஸ்டேஷன், உள்ள அத்தனை பேனலு, 11000 வோல்ட் கம்பி தரையில கிடக்குது, ஒண்ணுமே ஆகலையே? நாங்க போன் பண்ணிச் சொன்ன பின்னாடிதான் லைன ஆஃப் பண்ணாங்க. லைன்மேனக் கேட்டா "ரிலே எடுக்கலைங்க"ங்கறார். ரிலேன்னா என்ன, அது ஏன் எடுக்கல, வெவரம் தெரிஞ்சவங்க சொல்லுங்க.

அன்னிக்கு சாயங்காலமே வீட்ல லைட்டு டிம்மாத்தான் எரிஞ்சுது, லோ வோல்டேஜுன்னு விட்டுட்டோம். அது வேற கதை.

#2 சும்மாஒருத்தன்

இதுல என்ன ஆராய்ச்சி வேண்டிக் கெடக்கு. மெயின்டனன்ஸ் கிடையாது, ரிலே எல்லாம் எங்க தாத்தா காலத்து டப்பா, துருப்புடிச்சு ஒட்டிக்கிட்டு இருக்கும். மாடு செத்தா நஷ்டஈடு மனு குடுங்க, வேற ஒண்ணும் நடக்காது.

#3 நைட்ஷிஃப்ட்

சும்மாஒருத்தன் சார், சப்ஸ்டேஷன்ல ஆபரேட்டரா 14 வருஷம் இருக்கேன், சும்மா எல்லாத்தையும் துருன்னு சொல்லாதீங்க. வருஷா வருஷம் எம்ஆர்டிகாரங்க (மீட்டர், ரிலே டெஸ்ட் பண்றவங்க) வந்து கரண்ட் இன்ஜெக்ட் பண்ணி ரிலே எவ்ளோ செகண்ட்ல எடுக்குதுன்னு பாத்துட்டுத்தான் போறாங்க, ப்ரேக்கரையும் (லைன வெட்டற பெரிய சுவிட்ச்) ரிலே வழியா ட்ரிப் பண்ணிப் பாப்பாங்க. ரிலே நல்லா இருந்தும் எடுக்காது, அதான் விஷயம். எனக்கு கண்ட்ரோல் ரூம்ல தெரியறது மூணு பேஸ் ஆம்பியர், வோல்டேஜ், ரிலே ஃப்ளாக் (ரிலே எடுத்தா விழற அடையாளம்), அவ்ளோதான். 20 கிலோமீட்டர் தள்ளி கம்பி கீழ கிடக்கறத பாக்க எனக்கு கண்ணு இல்ல. ஃப்ளாக் விழுந்தா பஸ்ஸர் அடிக்கும், விழலைன்னா லைன் நல்லா இருக்குன்னுதான் நான் நெனைப்பேன். எத்தனையோ தடவை போன்ல திட்டு வாங்கிட்டேன், "கம்பி கீழ கிடக்குது, நீ அங்க தூங்கறியா"ன்னு.

விளக்கமா சொல்ற அளவுக்கு எனக்கு எழுத வராது, பெருசு வரட்டும்.

#4 பெருசு_எம்ஆர்டி

கூப்பிட்டாச்சா, வந்துட்டேன். ரிடையர் ஆகி ஆறு வருஷம் ஆச்சு, ரிலே டெஸ்டிங்கிலேயே முடி நரைச்சவன்.

தோட்டத்துக்காரர் தம்பி கேட்டது சரியான கேள்வி. ரிலேங்கறது லைன்ல ஓடற ஆம்பியர பாத்துக்கிட்டே இருக்கற காவக்காரன், அளவு தாண்டினா ப்ரேக்கருக்கு 'வெட்டு'ன்னு உத்தரவு குடுக்கும், அதைத்தான் ரிலே எடுத்துச்சுங்கறோம். உங்க வீட்டு போர்டுல இருக்கறது ஆர்சிசிபி. பேஸ்ல எவ்ளோ கரண்ட் போச்சு, நியூட்ரல்ல எவ்ளோ திரும்பி வந்துச்சுன்னு அது கழிச்சுப் பாத்துக்கிட்டே இருக்கும். வித்தியாசம் 30 மில்லி ஆம்பியர் வந்தா எங்கயோ ஒழுகுதுன்னு கட் பண்ணிரும். சப்ஸ்டேஷன்ல இருக்கற எர்த் ஃபால்ட் ரிலேவும் அதே கணக்குதான் போடுது, மூணு பேஸ் கரண்டையும் கூட்டிப் பாக்கும், எல்லாம் சரியா இருந்தா கூட்டல் பூஜ்யம் பக்கம் வரணும், மிச்சம் இருந்தா அது பூமிக்குள்ள போகுதுன்னு அர்த்தம். ஆனா அந்த மிச்சம் எவ்ளோ வந்தா எடுக்கணும்ங்கறதுதான் வேற. கிராமத்து ஃபீடர்ல (சப்ஸ்டேஷன்ல இருந்து ஊருக்குப் போற லைன்) சிடி, அதாவது 300 ஆம்பியர 5 ஆம்பியரா சுருக்கி ரிலேக்குக் காட்டற கரண்ட் டிரான்ஸ்பார்மர், 300/5ன்னு வெச்சுக்குங்க, எர்த் ஃபால்ட் செட்டிங் 20 சதவீதம், அப்போ 60 ஆம்பியர் தாண்டினாத்தான் ரிலே அசையும். உங்க வீட்டு 30 மில்லி ஆம்பியரோட ஒப்பிட்டா 2000 மடங்கு.

இப்ப கம்பி கீழ விழுந்தா எவ்ளோ கரண்ட் ஓடும்? 11 கேவி லைன்ல ஒரு பேஸுக்கும் பூமிக்கும் நடுவுல 6350 வோல்ட். கம்பி மண்ணத் தொடற எடத்துல ரெசிஸ்டன்ஸ் 500 ஓம்னு வெச்சுக்குவோம், 6350 வகுத்தல் 500, 12.7 ஆம்பியர். ரிலேக்கு 60 வேணும். அது கண்ணுக்கு இது ஒரு அரவை மில்லு லோடு மாதிரி கூட தெரியாது. வேடிக்கையா சொல்லல, நெஜமாவே இப்படித்தான்.

அமெரிக்காவுல டெக்ஸாஸ் ஏ அண்ட் எம் யூனிவர்சிட்டில வேணும்னே கம்பிய விதவிதமான தரையில போட்டு அளந்து பாத்தாங்க, அவங்க லைன் நம்ம 11 கேவிய விட கொஞ்சம் கூட, 12.5 கேவி வகை. காஞ்ச தார் ரோடு: பூஜ்யம். காஞ்ச மணல்: பூஜ்யம். ஈர மணல் 15 ஆம்பியர், காஞ்ச புல்லு 25, ஈரப் புல்லு 50, உள்ள கம்பி போட்ட கான்கிரீட் 75. அந்தக் கடைசி ஒண்ணுதான் நம்ம 60ஐ தாண்டுது. உங்க கம்பி தார் ரோட்டுலயும் காஞ்ச மண்ணுலயும் விழுந்துச்சு. ரிலே எடுத்திருந்தாத்தான் எனக்கு ஆச்சரியம்.

தரைல கரண்ட் ஓடாம இருந்தாலும் கம்பில வோல்டேஜ் இருக்கு பாத்துக்குங்க. யாராச்சும் தொட்டா அவங்க உடம்புதான் ரெசிஸ்டன்ஸ், ஆளைக் கொல்ல ஆம்பியர் கணக்கே வேண்டாம், மில்லி ஆம்பியர் போதும். ரிலே அதைப் பாக்கவே பாக்காது. ஃபீடர் ரிலே வெச்சதே கம்பியையும் டிரான்ஸ்பார்மரையும் உருகாம காப்பாத்தத்தான், வழியில நடந்து போறவனக் காப்பாத்த இல்ல. எங்க டிபார்ட்மென்ட்லயே நெறைய பேருக்கு இது உறைக்காது.

#5 ஃபைனல்இயர்_இஇஇ

சார் வணக்கம், ப்ராஜெக்ட்டுக்கு ரிலே கோஆர்டினேஷன் எடுத்திருக்கேன். ஒரு டவுட். 20 சதவீதத்த குறைச்சு 5 சதவீதம் வெச்சா 15 ஆம்பியர் ஆயிரும்ல? இன்னும் 2 சதவீதம் வெச்சா 6 ஆம்பியர். ஏன் வைக்கறதில்ல? நியூமெரிக்கல் (சிப் வெச்ச) ரிலேல அவ்ளோ கீழ செட் பண்ண முடியும்னு கேட்லாக்ல போட்டிருக்கே.

#6 பெருசு_எம்ஆர்டி

செட் பண்ணலாம் தம்பி, அப்புறம் நைட்ஷிஃப்ட் உன்ன தேடிட்டு வருவார்.

நம்ம பேனல்ல மூணு சிடி தனித்தனி, அந்த மூணோட செகண்டரிய ஒண்ணாக் கட்டித்தான் மிச்சத்த எடுக்கறோம். மூணு சிடியும் அச்சு அசலா ஒரே மாதிரி இருக்காது. லைன்ல ஃபால்ட்டே இல்ல, ஆனா கட் ஆகி திரும்ப சார்ஜ் பண்றப்போ ஃபீடர்ல இருக்கற அத்தனை டிரான்ஸ்பார்மரும் ஒரே நேரத்துல இன்ரஷ் கரண்ட் (போட்டதும் கொஞ்ச நேரம் பாயற பெரிய கரண்ட்) இழுக்கும், அந்த நேரம் ஒரு சிடி கொஞ்சம் சாச்சுரேட் ஆகி தப்பாக் காட்டினா போதும், இல்லாத எர்த் ஃபால்ட் ரிலேக்குத் தெரியும். ட்ரிப். திரும்ப சார்ஜ் பண்ணு, திரும்ப ட்ரிப். அது போக மழைக்காலத்துல தென்ன மட்டை உரசுறது, பின் இன்சுலேட்டர்ல ஒழுகறது, இதெல்லாம் சின்னச் சின்ன ஆம்பியர்ல ஓடிக்கிட்டே இருக்கும். எல்லாத்துக்கும் ட்ரிப் ஆனா ஊர்ல கரண்டே இருக்காது. கரண்ட் இல்லைன்னா ஜனம் சும்மா இருக்குமா, ஏஇய (அசிஸ்டென்ட் இன்ஜினியர்) போய் சுத்தி நின்னுக்குவாங்க, ஏஇ எங்களுக்கு போன் பண்ணுவாரு, "செட்டிங்க கொஞ்சம் ஏத்தி விடுங்க சார்". நானே ஏத்தி விட்டிருக்கேன், பொய் சொல்லல.

ஒரு வழி இருக்கு. ப்ரேக்கர்ல இருந்து முதல் போஸ்ட் வரைக்கும் கேபிள்தானே போகுது, அந்தக் கேபிள் மூணு கோரையும் ஒரே வளையத்துக்குள்ள விட்டு கோர் பேலன்ஸ் சிடி போட்டா மூணு சிடி பிரச்சனை போயிரும், ரொம்பக் கீழ செட் பண்ணலாம். ஆனா கேபிள் கிளாண்ட்ல இருந்து வர்ற எர்த் வயர திரும்ப அந்த வளையத்துக்குள்ளயே விட்டு எடுத்து பூமில கட்டணும். எத்தனை எடத்துல இதை மறந்துட்டு நேரா எர்த்ல கட்டி வெச்சிருக்காங்கன்னு நான் பாத்திருக்கேன், கேபிள்லயே ஃபால்ட் ஆனாலும் அந்த சிடி கண்டுக்காது.

ஐடிஎம்டி கர்வ்ல (கரண்ட் ஏற ஏற ரிலே சீக்கிரம் எடுக்கற கணக்கு) ஒண்ணு மட்டும் சொல்லிட்டுப் போறேன், ப்ராஜெக்ட்ல எழுதிக்க. செட்டிங்குக்கு 10 மடங்கு கரண்ட் வந்தா டைம் மல்டிப்ளையர் 1க்கு 3 செகண்ட், 2 மடங்குன்னா 10 செகண்ட். பெரிய ஃபால்ட்டுக்கு வேகம், சின்னதுக்கு நிதானம். கீழ இருக்கற ரிலேக்கும் மேல இருக்கற ரிலேக்கும் நடுவுல 0.3ல இருந்து 0.4 செகண்ட் கேப் விடுவோம், அதுக்குள்ள கீழ இருக்கற ப்ரேக்கர் தொறந்து ஆர்க் அணைஞ்சிருக்கணும். புஸ்தகத்துல அழகா இருக்கும். ஆனா 20 கிலோமீட்டர் ராபிட் கண்டக்டர்ங்கற லைன் கம்பி போன பின்னாடி கடைசி போஸ்ட்ல மூணு பேஸும் ஒட்டினாக் கூட 480 ஆம்பியர் பக்கம்தான் வரும், ஓவர்கரண்ட் 300ல வெச்சிருந்தா அது ஒண்ணரை மடங்கு சொச்சம், கர்வோட மந்தமான பக்கம். நல்ல ஃபால்ட்டுக்கே இந்தக் கதி, மண்ணுல விழுந்த கம்பிய எங்க போய் கேக்கறது.

#7 மெல்பர்ன்_மதுரைக்காரன்

இங்க விக்டோரியால டிஸ்ட்ரிப்யூஷன்ல வேலை பாக்குறேன், கொஞ்சம் என் பங்குக்கு.

2009 பிப்ரவரி 7, பிளாக் சாட்டர்டே. 173 பேர் செத்தாங்க. அதுல கில்மோர் ஈஸ்ட் தீ மட்டும் 119 பேர், அது ஆரம்பிச்சது ஒரு ஒத்தைக் கம்பி லைன் அறுந்து. இங்க கிராமத்துக்கு ஒரே கம்பி போகும், பூமிதான் ரிட்டர்ன், ஸ்வெர்னு சொல்வாங்க. அதுக்கப்புறம் ராயல் கமிஷன் போட்டு, 22 கேவி நெட்வொர்க்குல ரெஃப்சிஎல்னு ஒண்ணக் கொண்டு வந்தாங்க. டிரான்ஸ்பார்மர் நியூட்ரல நேரா எர்த் பண்ணாம பீட்டர்சன் காயில் வழியா எர்த் பண்றது, கூடவே எலக்ட்ரானிக்ஸ் வெச்சு ஃபால்ட் ஆன பேஸோட வோல்டேஜயே அமுக்கிடும். கம்பி விழுந்து ரெண்டு செகண்டுக்குள்ள அந்தக் கம்பில 250 வோல்ட்டுக்கு கீழ வந்துரணும்னு சட்டம். 22 கேவி லைன்ல ஃபேஸுக்கு 12700 வோல்ட் இருக்க வேண்டியது, 250. புல்லு பத்திக்காது.

சும்மா வராது இது. ஒரு பேஸ அமுக்கினா மத்த ரெண்டு பேஸும் பூமிக்கு எதிரா முழு 22 கேவிக்கு ஏறிடும். பழைய கேபிள், பழைய அரெஸ்டர், இன்சுலேட்டர் எல்லாம் அதைத் தாங்காம வேற எங்கயாவது டமார். அதனால நெட்வொர்க்குல பாதிய மாத்த வேண்டியதாப் போச்சு, செலவு அப்படி. நம்மூர்ல 11 கேவி நியூட்ரல் நேரா எர்த், இதை நாளைக்கே கொண்டு வாங்கன்னு யாரும் கேட்டா நடக்கற காரியம் இல்ல.

ஆனா சென்சிடிவ் எர்த் ஃபால்ட் இங்க சாதாரணம், சில ஆம்பியர்ல, சில செகண்ட் டிலே வெச்சு. தீ அபாயம் உச்சத்துல இருக்கற நாள்ல ஆட்டோ ரீக்ளோசர (விழுந்த லைன தானாத் திரும்பப் போடறது) நிறுத்தியே வெச்சிடுவோம், ஒரு தடவை விழுந்தா ஆள் போய் லைன நடந்து பாத்துட்டுத்தான் சார்ஜ். கஸ்டமர் கத்துவாங்க, கத்தட்டும்.

#8 யாழ்ப்பாணத்தான்

நான் ஒரு இலங்கைப் பக்கத்துக் கதை சொல்லுறன். எங்கட வீடுகளில 'ட்ரிப் சுவிச்' எண்டு கேட்டால் சின்னப் பிள்ளைக்கும் தெரியும், உங்கட ஆர்சிசிபிதான். அது இல்லாமல் மின்சார சபை கனெக்ஷன் தராது. எங்களிட்ட டிடி சிஸ்டம், வீட்டுக்கு வீடு தனி எர்த் கம்பி, மண்ணிண்ட ரெசிஸ்டன்ஸ் கூட எண்டபடியா பியூஸ நம்பேலாது, ட்ரிப் சுவிச்தான் உயிர்.

பெருசு ஐயா சொன்ன கணக்கு எல்டி லைனுக்கும் பொருந்தும். 230 வோல்ட் கம்பி ஒண்டு விழுந்து எர்த் 20 ஓம் எண்டால் 11, 12 ஆம்பியர்தான் ஓடும். டிரான்ஸ்போமரடியில கிடக்கிற பியூஸ் அதுக்கெல்லாம் எரியுமோ? விடிய விடிய கிடக்கும்.

பாதுகாப்பு கூடினாலும் தலையிடிதான் பாருங்கோ. 2025 பெப்ரவரி 9, ஞாயிற்றுக்கிழமை, பாணந்துறை கிரிட் சப்ஸ்டேஷனில ஒரு குரங்கு போய்ப் பட்டு முழு நாடும் இருட்டு. அமைச்சரே குரங்கு எண்டு சொன்னவர். ஒரு இடத்துப் பிழைய அந்த இடத்திலயே வெட்டி எடுக்கிறதுக்குத்தானே ரிலே, அண்டைக்கு ஞாயிறு, பகல், கூரைச் சோலார் கூட, பெரிய ஜெனரேட்டர் மெசின்கள் குறைவு, ஒரு தட்டுத் தட்ட முழுக்க விழுந்திட்டுது.

#9 சும்மாஒருத்தன்

குரங்கு மேல பழியப் போட்டாச்சு, இங்க மாடு மேல போட்டுருவீங்க.

2012ல வட இந்தியா பூரா ரெண்டு நாள் இருட்டா கெடந்துச்சே, அது எந்த மிருகம்?

#10 பெருசு_எம்ஆர்டி

அது மிருகம் இல்ல தம்பி, ரிலேதான், நல்லாக் கேட்ட. ஜூலை 30, அதிகாலை ரெண்டரை தாண்டி, பீனா – குவாலியர் 400 கேவி லைன். அதுல ஃபால்ட்டே கிடையாது. லோடு ஏகத்துக்கு ஏறி, வோல்டேஜ் எறங்கி, டிஸ்டன்ஸ் ரிலேவோட (வோல்டேஜையும் கரண்டையும் வெச்சு ஃபால்ட் எவ்ளோ தூரம்னு கணிக்கறது) மூணாவது ஜோனுக்கு அது தூரத்து ஃபால்ட் மாதிரி தெரிஞ்சுது, எடுத்துருச்சு. அந்த ஒரு லைன் போனதும் மத்தது ஒண்ணொண்ணா. எடுக்க வேண்டியத எடுக்காத ரிலேவால மாடு சாகுது, எடுக்கக் கூடாதத எடுத்த ரிலேவால தேசம் இருட்டாச்சு. செட்டிங் போடறவன் இந்த ரெண்டுக்கும் நடுவுலதான் ராத்திரி தூங்கணும்.

சரி, அத விடுங்க. நேத்து படுத்துட்டு யோசிச்சப்போதான் தோணுச்சு. தோட்டத்துக்காரர் தம்பி, முதல் போஸ்ட் கடைசில ஒண்ணு சொல்லிட்டு "அது வேற கதை"ன்னு விட்டுட்டீங்க. லைட்டு டிம்மா எரிஞ்சதுன்னு. மூணு பேஸும் டிம்மா, ரெண்டு பேஸ் மட்டுமா? ஒரு பேஸ் நல்லா இருந்துச்சா? எத்தனை மணில இருந்து? அப்புறம் மாடு எந்தத் துண்டுல அடிபட்டுச்சு, சப்ஸ்டேஷன் பக்கத்துத் துண்டா, உங்க தோட்டத்துப் பக்கத்துத் துண்டா? கேட்டுட்டு வந்து சொல்லுங்க.

#11 தோட்டத்துக்காரன்

ஐயா, வீட்ல கேட்டேன். ரெண்டு பேஸ்தான் டிம்மு, ஃபேன் மெதுவா சுத்துச்சாம், இன்னொரு பேஸ்ல இருந்த டிவி நல்லாத்தான் ஓடுச்சாம். அஞ்சு மணிக்கு முன்னாடியே ஆரம்பிச்சிருச்சு. மாடு விழுந்தது ஆறே கால் வாக்குல. சப்ஸ்டேஷன் பக்கத்துத் துண்டு இன்சுலேட்டர்ல இருந்து அந்தரத்துல தொங்குச்சு, தரையத் தொடல. ரோட்டுல கிடந்தது எங்க தோட்டத்து டிரான்ஸ்பார்மர் பக்கம் போற துண்டுங்க. அதான் எல்லாருக்கும் கொழப்பம், அந்தப் பக்கம் அறுந்துருச்சே, இதுல எப்படிக் கரண்ட் இருக்கும்னு.

#12 பெருசு_எம்ஆர்டி

ஆ. நெனச்சேன்.

உங்க லைட்டுதான்யா ரிலே. கேளுங்க. நம்ம டிரான்ஸ்பார்மர் மேல் பக்கம் டெல்டா, கீழ ஸ்டார். ஹெச்டில, அதாவது 11 கேவி பக்கம், ஒரு பேஸ் அறுந்தா டெல்டாவுல ஒரு வைண்டிங்குக்கு மட்டும்தான் முழு வோல்டேஜ் கெடைக்கும். மத்த ரெண்டு வைண்டிங்கும் வரிசையா மாட்டிக்கிட்டு இருக்கற ஒரே வோல்டேஜ ஆளுக்குப் பாதி பிரிச்சுக்கும். அதனால கீழ ஒரு பேஸ் நல்லா எரியும், ரெண்டு பேஸ் பாதி. சாதாரண லோ வோல்டேஜ்னா மூணும் சேந்து டிம் ஆகும். எல்டி ஃப்யூஸ் போயிருந்தா அந்த ஒரு பேஸ் முழுசா செத்திருக்கும். ஒண்ணு நல்லா, ரெண்டு பாதின்னா ஹெச்டில ஒரு பேஸ் இல்லைன்னு அர்த்தம். எச்ஜி ஃப்யூஸ் (11 கேவி பக்கத்து ஃப்யூஸ்) ஒண்ணு போயிருக்கும், இல்ல ஜம்பர் கட், இல்ல கம்பியே கீழ.

அந்த ரெண்டு வைண்டிங்கும் சேர்ற முனை இருக்கே, அதுலதான் அறுந்த கம்பி கட்டியிருக்கு. அங்க வோல்டேஜ் பூஜ்யம் இல்ல.

#13 ஃபைனல்இயர்_இஇஇ

சார் நான் போட்டுப் பாத்துட்டேன்!! மீதி ரெண்டு பேஸோட நடுப்புள்ளி வருது, அப்போ பூமிக்கு எதிரா பேஸ் வோல்டேஜ்ல பாதி, 3175 வோல்ட். டிரான்ஸ்பார்மர் வழியா ரிவர்ஸ்ல. 500 ஓம்னு வெச்சா 6 ஆம்பியர் சொச்சம்தான் வரும், வைண்டிங்கோட இம்பீடன்ஸும் நடுவுல இருக்கு, அப்போ இன்னும் கம்மி. 5 சதவீதம் செட்டிங் வெச்சிருந்தாலும் 15 ஆம்பியர் வேணும், எடுத்திருக்காது. நான் கேட்ட கேள்வியே வேஸ்ட்.

புது நியூமெரிக்கல் ரிலேல ப்ரோக்கன் கண்டக்டர்னு ஒரு எலிமெண்ட் இருக்கு சார், நெகடிவ் சீக்வென்ஸ் கரண்ட பாசிடிவ் சீக்வென்ஸால வகுத்துப் பாக்கும், அதாவது மூணு பேஸும் எவ்ளோ ஏறுக்கு மாறா இருக்குன்னு. அது எடுத்திருக்குமா?

#14 பெருசு_எம்ஆர்டி

வேஸ்ட் இல்ல தம்பி, அந்தக் கேள்வி கேக்காம இங்க வந்திருக்க மாட்டோம். ப்ரோக்கன் கண்டக்டர் நல்ல எலிமெண்ட், கம்பி மெயின் லைன் ஆரம்பத்துலயே அறுந்தா ஜோரா எடுக்கும். ஆனா 110 ஆம்பியர் ஓடற ஃபீடர்ல 15, 20 ஆம்பியர் ஸ்பர் (கிளை லைன்) ஒண்ணுல ஒரு பேஸ் போனா வித்தியாசம் ரொம்பக் கம்மியா வரும், சாதாரணமா இருக்கற அன்பேலன்ஸே அதுக்குப் பக்கத்துல இருக்கும். அலாரமா வெச்சுக்கலாம். எங்க கைல இருந்த எலக்ட்ரோமெக்கானிக்கல் ரிலேல அதுவும் இல்ல.

#15 நைட்ஷிஃப்ட்

படிச்சிட்டு ஒரு மாதிரி ஆயிடுச்சு. எங்க லாக் ஷீட்ல மணிக்கு ஒரு ரீடிங், மூணு பேஸும் தனித்தனியா எழுதறோம். எழுதறோம், அவ்ளோதான். ஒரு பேஸ் 15 ஆம்பியர் கொறைஞ்சா "லோடு கொறைஞ்சிருக்கு"ன்னு அடுத்த கட்டத்துக்குப் போயிருவேன்.

டெஸ்ட் சார்ஜ் பத்தியும் சொல்லிடறேன், மெல்பர்ன்காரர் சொன்னதால. எர்த் ஃபால்ட்ல ஃபீடர் விழுந்தா கொஞ்ச நேரம் விட்டு ஒரு தடவை போட்டுப் பாப்போம், நின்னா நின்னுச்சு. மயில் அடிச்சு விழுந்ததுன்னா நிக்கும், எங்க பக்கம் மயிலு ஏகப்பட்டது. ஆனா கம்பி முதல்ல ஈர மண்ணுல பட்டு ட்ரிப் ஆகி, சுத்தி இருந்த ஈரம் காஞ்சு போயிருந்தா? போட்டதும் நின்னுடும். நான் "லைன் ஓகே"ன்னு எழுதி கையெழுத்து போடுவேன். இதெல்லாம் தெரிஞ்சுதான் போடறோம், போடலைன்னா ஆஸ்பத்திரில இருந்து போன், மில்லுல இருந்து போன்.

ரிலே எடுத்தாலும் முடிஞ்சிராது. சில வருஷத்துக்கு முன்னாடி ஒரு மழை ராத்திரி, ஃபீடர்ல செம ஃபால்ட், ரிலே எடுத்து ஃப்ளாக் விழுந்துருச்சு, ப்ரேக்கர் தொறக்கல. ப்ரேக்கர தொறக்கற ட்ரிப் காயில் எரிஞ்சு போயிருந்தது எப்பவோ, யாருக்கும் தெரியாது. 16 எம்விஏ டிரான்ஸ்பார்மரோட இன்கமர், அதாவது மெயின் ப்ரேக்கரே போய் ஏழு ஃபீடரும் இருட்டு. ட்ரிப் காயிலுக்கு கரண்ட் குடுக்கற டிசி பேட்டரில 55 செல்லு, ஒவ்வொண்ணுக்கும் வோல்டேஜும் கிராவிட்டியும் எழுதறப்போ சலிப்பா இருக்கும். அன்னைல இருந்து சலிச்சுக்கறதில்ல.

#16 லைன்மேன்_மகன்

எங்கப்பா லைன்மேன், 31 வருஷம். ரெண்டு விஷயம் அவர் வாயால கேட்டது.

ஒண்ணு கார்டிங். ரோடு க்ராஸிங்ல லைனுக்கு கீழ தொட்டில் மாதிரி கம்பி கட்டியிருக்கும்ல, அது சும்மா கம்பி தலைல விழாம தாங்கறதுக்குன்னு எல்லாரும் நெனைக்கறாங்க. அதை ரெண்டு பக்கமும் எர்த் பண்ணியிருக்கும். அறுந்த கம்பி அதுல பட்டா மண்ணு மாதிரி இல்ல, நல்ல எர்த், நூத்துக்கணக்குல ஆம்பியர், ரிலே எடுத்துரும். அந்த எர்த் கம்பியத்தான் திருடிட்டுப் போறானுங்க. கார்டிங் இருக்கும், எர்த் இருக்காது, பாக்க எல்லாம் சரியா இருக்கற மாதிரியே இருக்கும்.

ரெண்டாவது, அறுந்த கம்பில எந்தத் துண்டும் செத்ததுன்னு நம்பாதேன்னு சொல்வாரு. எல்சி (லைன் கிளியர், வேலை பாக்க அனுமதி) வாங்கி ஏபி சுவிட்ச் (போஸ்ட்ல இருக்கற லைன் சுவிட்ச்) தொறந்த பின்னாடியும் ரெண்டு பக்கமும் எர்த் ராடு போடாம கை வைக்க மாட்டாரு. டிரான்ஸ்பார்மர் வழியா வரும், எவனாவது ஜெனரேட்டர சேஞ்ச்ஓவர் இல்லாம போட்டா அப்படியும் வரும். அவர் கூட வேலை பாத்தவர் ஒருத்தர் அப்படித்தான் போனார்.

மாடு ஏன் செத்துச்சுன்னா, கம்பியத் தொடணும்னே இல்ல. கம்பி விழுந்த எடத்துல இருந்து வோல்டேஜ் தரைல வட்டமா கொறைஞ்சுக்கிட்டே போகும், மாட்டுக்கு முன்னங்கால் பின்னங்கால் நடுவுல ஒண்ணரை மீட்டர், நடுவுல நெஞ்சு. நாம மாட்டிக்கிட்டா ரெண்டு காலையும் ஒட்டி வெச்சு தத்தித் தத்தி வெளிய வரணும், எட்டு பத்து மீட்டராவது தள்ளி. கால அகட்டி வெச்சு ஓடக் கூடாது.

#17 மெல்பர்ன்_மதுரைக்காரன்

#16க்கு ஒரு சேர்க்கை. மேல பிளாஸ்டிக் உறை போட்ட கவர்டு கண்டக்டர் போட்டா எல்லாம் சரியாயிடும்னு இங்க சிலர் சொல்வாங்க. மரம் உரசறதுக்கு நல்லது. ஆனா அது அறுந்து விழுந்தா முனை மட்டும்தான் வெளிய தெரியும், கரண்ட் இன்னும் கம்மி, ரிலேக்கு இன்னும் கஷ்டம்.

#18 தோட்டத்துக்காரன்

எல்லாருக்கும் நன்றிங்க. நேத்து சப்ஸ்டேஷனுக்கே போயிட்டேன், சண்டைக்கு இல்ல. அங்க இருந்த ஆபரேட்டர் தம்பி முதல்ல பயந்துச்சு, அப்புறம் உக்கார வெச்சு அந்த நாள் லாக் ஷீட்ட எடுத்துக் காமிச்சுது. நாலு மணிக்கு 112, 110, 111. அஞ்சு மணிக்கு 109, 108, 93. ஆறு மணிக்கு 114, 112, 96. அந்தத் தம்பி கையெழுத்துதான். நைட்ஷிஃப்ட் சார் சொன்ன மாதிரியே, எழுதி வெச்சிருக்கு. ரெண்டு பேரும் அதையே கொஞ்ச நேரம் பாத்துட்டு உக்காந்திருந்தோம், ஒண்ணும் பேசல. டீ வாங்கிக் குடுத்துச்சு.

அந்தத் தம்பிய நான் என்ன சொல்றது. அஞ்சு மணிக்கு என் மோட்டரும் ஒரு மாதிரி உறுமுச்சுங்க. சிங்கிள் பேஸிங் ப்ரிவென்டர (ஒரு பேஸ் போனா மோட்டர நிறுத்தறது) நாங்கதான் ரெண்டு வருஷம் முன்னாடியே பைபாஸ் பண்ணி, ரெண்டு பேஸ்ல ஓடறதுக்கு கண்டென்சர் போட்டு வெச்சிருக்கோம். அது மட்டும் இருந்திருந்தா மோட்டர் நின்னிருக்கும், நான் எந்திரிச்சுப் போய் என்னன்னு பாத்திருப்பேன், ஒண்ணே கால் மணி நேரம் இருந்துச்சு.

மோட்டர் ரூம் சுவத்துல பெயிண்ட்ல எழுதிட்டேன், "ஒரு பேஸ் நல்லா, ரெண்டு பேஸ் டிம்முன்னா 94987 94987", மின்னகம் (மின்வாரியத்துல புகார் சொல்ற) நம்பர். ப்ரிவென்டர மறுபடி மாட்டச் சொல்லி எலக்ட்ரீசியன வரச் சொல்லியிருக்கேன். மாட்டுக்காரர்கிட்டயும் சொன்னேன், நீங்களும் கண்டென்சர கழட்டிடுங்கன்னு. அவரு மாட்டேங்கறாரு. வாழைக்கு தண்ணி யாரு பாய்ச்சறதுங்கறாரு.

#19 பெருசு_எம்ஆர்டி

எலக்ட்ரீசியன் வந்தா ப்ரிவென்டர் வயர சும்மா முறுக்கி டேப் சுத்தாம, லக் போட்டு கிரிம்ப் பண்ணச் சொல்லுங்க. அப்புறம் அவன் இருக்கும்போதே ஒரு ஃப்யூஸ கழட்டி மோட்டர் நிக்குதான்னு பாத்துட்டு காசு குடுங்க.